மந்திரியா, டி.வி.க்காரியா? எங்கள் வீட்டு வஞ்சிரப் பந்தயத்தை யாராவது தீர்த்து வையுங்கள்

அரசலாற்றங்கரை (காரைக்கால்):

எங்கள் பெரியம்மாவுக்கு 81 வயது. பெரியப்பா சொல்தா. வெளியூர்க்காரர்களுக்காகச் சொல்கிறேன், பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்தவர்களைக் காரைக்காலில் அப்படித்தான் சொல்வோம். 1962இல் ஊர் முறைப்படி இந்தியாவோடு சேர்ந்தபோது பிரெஞ்சுக் குடியுரிமையை விடாமல் வைத்துக்கொண்ட குடும்பம். பெரியப்பா போய்ப் பதினாறு வருடம் ஆகிறது. பென்ஷன் இன்னும் வருகிறது. பெரியம்மா வருடா வருடம் உயிரோடு இருக்கிறேன் என்று காகிதம் கொடுக்கிறார். அதிபர் தேர்தல் வந்தால் பட்டுப்புடவை கட்டிக்கொண்டு போய் ஓட்டும் போட்டுவிட்டு வருகிறார். இவருடைய ஓட்டு விழுவது பாரிசுக்கு, ஆனால் திட்டு வாங்குவது மட்டும் எங்கள் கொம்யூன் பஞ்சாயத்து.

சாயங்காலம் காபியை ஆற்றிக்கொண்டே டேப்லெட்டில் பிரெஞ்சு செய்தி பார்ப்பது அவர் வழக்கம். போன வாரம் அதில் ரோஸ்லின் பாஷ்லோ என்று ஒரு அம்மா வந்து உட்கார்ந்தார். எழுபது வயதுக்கு மேல் இருக்கும். பளிச்சென்று ரோஸ் கோட்டு, பெரிய கண்ணாடி, எதிரில் இருக்கிறவரைப் பேசவிடாத பேச்சு. பெரியம்மா உடனே, "இவதான் பிராஞ்சுல சுகாதார மந்திரி. ஊசி வாங்கிப் பணத்தையெல்லாம் கரியாக்கினவ" என்றார். அண்ணன் (பாரிசுக்குப் பக்கத்தில் சார்செலில் பத்து வருடம் இருந்துவிட்டு வந்தவர்) சிரித்தார். "மந்திரியாவது ஒன்றாவது. ரேடியோவில் நாலு பேர் உட்கார்ந்து அரட்டை அடிக்கிற சிரிப்பு நிகழ்ச்சியில் தினம் வருவார். டி.வி.க்காரி" என்றார். எனக்கு நினைவிருப்பது வேறு. 2021இல் கொரோனாவுக்கு மூடிய தியேட்டர்களைத் திறக்கச் சொல்லி நடிகர்கள் சண்டை போட்டது இந்த அம்மாவோடுதான். அப்போது கலாச்சார மந்திரி.

சண்டை முற்றி, தோற்றவர் ஒரு கிலோ வஞ்சிரம் வாங்கித் தர வேண்டும் என்று முடிந்தது. இப்போது வஞ்சிரம் விற்கிற விலை உங்களுக்கே தெரியும்.

இந்தப் பாஷ்லோ உண்மையில் யார்? நம் பக்கம் சினிமாவில் பேர் வாங்கிவிட்டு அரசியலுக்கு வருவார்கள், புரிகிறது. மந்திரியாக இருந்தவர் அரட்டைக்குப் போய், அங்கிருந்து மறுபடி மந்திரியாகி, மறுபடி டி.வி.யில் வந்து உட்காருவது என்ன கணக்கு? அப்புறம் அந்த ஊசிக் கதை. பெரியம்மா சொல்வது நிஜம்தானா, இல்லை வழக்கமான மருமகள் கோபம் மாதிரி ஒன்றா?


குத்தாலம் டிகிரி காபி:

மூன்று பேரும் நாலாவதை விட்டுவிட்டீர்களே. ஃபுட்பால் மந்திரி! 2010 தென்னாப்பிரிக்க உலகக் கோப்பையில் பிரெஞ்சு ஆட்டக்காரர்கள் பயிற்சிக்கு வரமாட்டோம் என்று பஸ்ஸில் ஏறி உட்கார்ந்துகொண்டார்கள் இல்லையா, அப்போது சுகாதாரத்தோடு விளையாட்டும் இந்த அம்மா கையில்தான். நேரில் போய் அவர்களிடம் பேசினார். பேசிவிட்டு வெளியே வந்து, என் பேச்சைக் கேட்டு ஆட்டக்காரர்கள் கண் கலங்கினார்கள் என்றார். மறுநாள் தென்னாப்பிரிக்காவிடம் 2–1 தோற்று மூட்டை கட்டினார்கள். வஞ்சிரத்தில் எனக்கும் ஒரு துண்டு.


பழைய ரெப் (கும்பகோணம்):

தம்பி, உங்கள் வீட்டில் மூவருமே ஜெயித்துவிட்டீர்கள். மீனை மூன்றாகப் பங்கு போட்டு வாங்குங்கள்.

பிரெஞ்சு எனக்குத் தெரியாது. ஆனால் இந்த அம்மாவைப் பதினைந்து வருடமாகத் தெரியும். நான் மெடிக்கல் ரெப்பாக 34 வருடம் இருந்தவன். கும்பகோணம், மாயவரம், காரைக்கால், நாகை, திரும்பி வரும்போது திருவாரூர். பையில் சாம்பிள், வண்டியில் பெட்ரோல், மனதில் டார்கெட், அவ்வளவுதான் வாழ்க்கை. காரைக்காலில் பிரெஞ்சுப் பேப்பர் படிக்கிற வயதான டாக்டர் ஒருவர் இருந்தார். 2010 தொடக்கத்தில் ஒரு நாள் ராத்திரி ஒன்பதரைக்கு, கடைசி பேஷண்டும் போன பிறகு என்னை உள்ளே கூப்பிட்டு, "வாய்யா, உங்க ஜாதிக்காரி ஒருத்தி அங்கே மந்திரியா இருந்து மாட்டிக்கிட்டா" என்றார். எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. அவர் சொன்னது ரெப் ஜாதியை.

ஆமாம். பாஷ்லோ மருந்தியல் படித்த பார்மசிஸ்ட். அரசியலுக்கு முன்னால் மருந்து கம்பெனியில், டாக்டர்களிடம் போய் மருந்தை எடுத்துச் சொல்கிற வேலை பார்த்தவர். நாங்கள் செய்த அதே வேலை. அப்பா பல் டாக்டர், பிரான்சில் ஆன்ஜே நகரத்துப் பக்கத்தில் 1968 முதல் 20 வருடம் எம்.பி. 1988இல் அப்பா விலக, மகள் அதே தொகுதியில் நின்று ஜெயித்தார். இதில் நமக்கு ஆச்சரியப்பட ஒன்றுமில்லை. நம் ஊரிலும் தொகுதி வீட்டுக்குள்ளேயே கைமாறுவதைப் பார்க்காதவர்களா? ஆனால் 1998இல், கல்யாணம் ஆகாமல் சேர்ந்து வாழ்பவர்களுக்கு, ஒரே பாலினத்தவருக்கும் சேர்த்து, சட்ட உரிமை தரும் மசோதா வந்தபோது, இவர் கட்சி மொத்தமும் எதிர்த்தது. இவர் எழுந்து ஆதரித்துப் பேசினார். சொந்தக் கட்சிக்காரர்களே கூச்சல் போட்டார்கள். அது அப்பாவிடமிருந்து வந்த சொத்து இல்லை.

2002இல் ஜாக் சிராக்கின் அதிபர் தேர்தல் பிரசாரத்துக்குப் பேச்சாளர். அவர் ஜெயித்ததும் சுற்றுச்சூழல் மந்திரி, 2004 வரை. பிறகு ஐரோப்பியப் பாராளுமன்றம். 2007இல் சர்க்கோசி அதிபராக வந்ததும் சுகாதாரம். பெரியம்மா சொல்லும் ஊசி இங்கேதான் வருகிறது. இதைக் கொஞ்சம் நிதானமாகச் சொல்ல வேண்டும்.

2009 ஜூன் 11 அன்று உலக சுகாதார நிறுவனம் பன்றிக் காய்ச்சலை உலகத் தொற்று என்று அறிவித்தது. நம் நாட்டில் ஆகஸ்டில் புனேயில் முதல் சாவு. எனக்கு அந்த ஆகஸ்ட் நன்றாக நினைவிருக்கிறது. மகாமகக் குளத்துக்குப் பக்கத்து மெடிக்கலில் நான் நின்றுகொண்டிருந்த அரை மணி நேரத்தில் பதினோரு பேர் வந்து மாஸ்க் கேட்டார்கள். கடைக்காரர் பெட்டியைத் தூக்கிக் கவிழ்த்துக் காட்டினார், காலி. அந்த பயத்தில்தான் பாஷ்லோ 9 கோடியே 40 லட்சம் டோஸ் தடுப்பூசிக்கு ஆர்டர் கொடுத்தார். பிரான்சின் ஜனத்தொகை அப்போது ஆறரைக் கோடிக்குள். இவ்வளவு எதற்கு என்றால், ஆளுக்கு இரண்டு ஊசி தேவை என்று அப்போது நினைத்தார்கள். முக்கால்வாசிப் பேருக்குப் போட்டால் அந்தக் கணக்கு சரியாக வரும். ஆர்டர் கொடுத்த பிறகு, ஒன்றே போதும் என்றார்கள்.

கடைசியில் ஊசி போட்டுக்கொண்டவர்கள் 60 லட்சத்தை ஒட்டித்தான். நோயும் பயந்த அளவுக்கு இல்லை. 2010 ஜனவரியில் 5 கோடி டோஸை ரத்து செய்தார். பத்திரிகைகள் கிழித்துத் தோரணம் கட்டின. பழைய மருந்து கம்பெனி வேலையைத் தோண்டி எடுத்து, கம்பெனிக்காக வாங்கினாள் என்றும் பேசினார்கள். இது எங்கள் தொழிலுக்கே உள்ள சாபம். நான் எங்கள் தெருவில் யாருக்காவது காய்ச்சலுக்கு மாத்திரை பேர் சொன்னால்கூட, "அவர் கம்பெனி மாத்திரையா இருக்கும்" என்பார்கள்.

ஆனால் இவர் செய்த நிஜமான தப்பு அளவில் இல்லை, வழியில். ஊசியைக் குடும்ப டாக்டர்களிடம் கொடுக்கவில்லை. விளையாட்டு அரங்கம், ஜிம் மாதிரி இடங்களைப் பிடித்து, ஜனங்களை அங்கே வரச் சொல்லிக் கடிதம் அனுப்பினார். காரணம் இருந்தது. ஊசி மருந்து வந்ததே பத்து டோஸ் குப்பியில். ஒன்றைத் திறந்தால் பத்துப் பேருக்குச் சீக்கிரம் போட்டு முடிக்க வேண்டும், தனி டாக்டரிடம் வீணாகும். காகிதத்தில் சரிதான். ஒரு ரெப்பாக இருந்தவர் இதை எப்படிச் செய்தார் என்பதுதான் எனக்கு இன்றுவரை ஆறாத ஆச்சரியம். ஊர் டாக்டரை ஒதுக்கிவிட்டு ஒரு இருமல் டானிக்கைக்கூட ஊருக்குள் கொண்டுபோக முடியாது. ஜனங்கள் மருந்தை நம்புவதில்லை தம்பி, எழுதிக் கொடுக்கிற கையை நம்புகிறார்கள். அங்கே டாக்டர்கள் கோபித்துக்கொண்டார்கள். "எனக்கே கொடுக்கவில்லை, நான் எப்படிப் போட்டுக்கொள்ளச் சொல்வது" என்கிற மாதிரி. ஜனவரியில் டாக்டர்களுக்கும் கொடுத்தார்கள். அதற்குள் ஆர்வம் அடங்கிவிட்டது.

சரி, மீதிக் கதை பத்து வருடம் கழித்து. ஊசியோடு சேர்த்து இவர் காலத்தில் மாஸ்க்கும் சேர்த்து வைத்திருந்தார்கள், சாதாரண மாஸ்க்கே நூறு கோடியை ஒட்டி. பாஷ்லோ ஊசியால் சூடு கண்ட பிறகு, அடுத்து வந்தவர்களுக்குச் சேர்த்து வைப்பதென்றாலே கசப்பு. பழசு கெட்டதும் புதுசு வாங்கவில்லை. 2020இல் கொரோனா வந்தபோது அரசுக் கையிருப்பில் இருந்தது 11 கோடியே 70 லட்சம். நர்சுகளுக்கே பற்றவில்லை. அப்போதுதான் பத்து வருடமாகச் சிரித்தவர்கள், "அந்த அம்மா சரியாகத்தான் செய்தது" என்று ஆரம்பித்தார்கள்.

எங்கள் பூர்வீகம் கொள்ளிடக் கரை. மழைக்கு முன்னால் கரையில் மணல் மூட்டையும் சவுக்குக் கம்பும் அடுக்குவார்கள். 2005க்கு முன்னால் சில வருடம் ஆற்றில் தண்ணீரே சரியாக வரவில்லை. மூட்டைகள் வெயிலில் இற்றுக் கிடந்தன. டீக்கடையில் எல்லாரும், நானும்தான், இது கான்ட்ராக்டர் பிழைக்க அடுக்கியது என்று பேசினோம். மணல் கொஞ்சம் கொஞ்சமாக வீட்டு வேலைக்குப் போனது. எங்கள் மாட்டுக் கொட்டகைக்கு மண் அடித்ததே அதில் நாலு மூட்டைதான், மறைப்பானேன். 2005 நவம்பரில் கொள்ளிடம் இரு கரையும் தொட்டு வந்தது. ராத்திரி இரண்டு மணிக்குத் தலையாரி தமுக்கு அடிக்காத குறையாகக் கத்திக்கொண்டு ஓடுகிறார், கரையில் எறும்புப் புற்று மாதிரி ஒரு இடத்தில் தண்ணீர் கொப்பளிக்கிறது, மூட்டை எங்கே? நெல் வைத்திருந்த சாக்கைக் கொட்டிவிட்டு அதில் மண்ணை அள்ளினோம். என் அப்பா ஒன்றும் சொல்லவில்லை. மாட்டுக் கொட்டகையை ஒரு தடவை திரும்பிப் பார்த்தார், அவ்வளவுதான்.

அதனால் பெரியம்மாவிடம் நான் சண்டைக்கு வரமாட்டேன். ஆனால் கரியாக்கினாள் என்று மட்டும் சொல்ல எனக்கு வாய் வராது.

டி.வி. கதையைச் சார்செல்காரர்கள் யாராவது சொல்லட்டும்.


சார்செல் தம்பி:

ரெப் ஐயா, கும்பிடுகிறேன். நான் சொல்கிறேன்.

2012இல் சர்க்கோசி தோற்றதும், அரசியலுக்கு முழுக்கு என்று அறிவித்தார். நம் ஆட்கள் சொல்வது மாதிரி இல்லை, நிஜமாகவே அந்த வருட அக்டோபரில் ஒரு புது சேனலில் மத்தியான அரட்டை நிகழ்ச்சியில் வந்து உட்கார்ந்துவிட்டார். ஐந்து பெண்கள் ஒரு மேசையைச் சுற்றி அன்றைய விஷயங்களைப் பேசுவார்கள். நாலு வருடம் ஓடியது. அப்புறம் ரேடியோ, செய்தி சேனல், அண்ணன் சொன்ன ஆர்.டி.எல். ரேடியோ சிரிப்பு நிகழ்ச்சி. என் பெரிய மாமியார் வீட்டில் ஞாயிற்றுக்கிழமை பிரியாணி அடுப்பில் இருக்கும்போது அந்தக் குரல் ஓடிக்கொண்டே இருக்கும். தன்னைத்தானே கேலி செய்துகொள்வார். ரோஸ் நிறத்தில் தோட்டத்துக்குப் போடுகிற பிளாஸ்டிக் செருப்பை மந்திரியாக இருக்கும்போதே போட்டுக்கொண்டு வந்து பேர் வாங்கியவர். அதனால் ஜனங்களுக்குப் பிடித்துப்போனது.

2020 ஜூலை 1ஆம் தேதி, மாஸ்க் கையிருப்பு எங்கே போனது என்று விசாரித்த பாராளுமன்றக் குழு முன்னால் பழைய மந்திரியாக உட்கார்ந்து விளாசினார். 6ஆம் தேதி புதுப் பிரதமர் காஸ்தெக்ஸ் அமைச்சரவையில் கலாச்சார மந்திரி! இங்கே டி.வி.யில் அன்று அதுதான் பேச்சு. 2022 மே மாதம் வரை இருந்தார். 682 நாள் என்று அவரே கணக்கு வைத்திருக்கிறார். இறங்கியதும் மறுபடி செய்தி சேனலில் விமர்சகர்.

எங்கிருந்து எங்கே போவது என்பதில் கட்டுப்பாடே இல்லையா என்றால், ஒன்று உண்டு, நம் ஊரில் இல்லாதது. இங்கே டி.வி.யில் அரசியல்வாதி பேசுகிற நேரத்தை நிமிடக் கணக்கில் எண்ணுவார்கள். அர்கோம் என்று ஒரு ஆணையம். அதிபரும் மந்திரிகளும் அவர்கள் உதவியாளர்களும் மூன்றில் ஒரு பங்கு, கட்சிகள் எல்லாம் சேர்ந்து மீதி. இதில் ஓட்டை எங்கே என்றால் விமர்சகர்களை எண்ணாமல் விட்டது. எரிக் செமூர் என்று ஒரு பத்திரிகையாளர் தினமும் சேனலில் உட்கார்ந்து அரசியல் பேசியே பெரிய ஆளானார். 2021 செப்டம்பரில், இவர் தேர்தலில் நிற்கப் போகிறவர் போல நடந்துகொள்கிறார், இவர் நேரத்தையும் எண்ணுங்கள் என்று, அர்கோமுக்கு முன்னால் அந்த வேலையைப் பார்த்த சி.எஸ்.ஏ. ஆணையம் சொன்னது. சேனல் தினசரி நிகழ்ச்சியிலிருந்து அவரை எடுத்துவிட்டது. 2022இல் அதிபர் தேர்தலில் நின்று 7 சதவீதம் வாங்கினார். பிறகு 2024 பிப்ரவரியில் இங்கத்து உயர் நிர்வாக நீதிமன்றம், ஒரு சேனலின் நடுநிலையைப் பார்க்கும்போது விமர்சகர்கள், நடத்துபவர்கள் பேச்சையும் சேர்த்துத்தான் பார்க்க வேண்டும் என்று தீர்ப்பு சொன்னது.

நம் சேனல்களில் பேர் கீழே பட்டையில் 'அரசியல் விமர்சகர்' என்று போட்டுவிட்டு, அவர் எந்தக் கட்சிக்காகக் கத்துகிறார் என்று நாமே கண்டுபிடித்துக்கொள்ள வேண்டியிருக்கிறது. பாஷ்லோ அந்த வகையில் எளிது. எல்லாருக்கும் தெரியும் எந்தப் பக்கம் என்று.


மனை வாங்கி ஏமாந்தவன் (நாகப்பட்டினம்):

எல்லாரும் ஊசியைப் பேசுகிறீர்கள். இவர் சுற்றுச்சூழல் மந்திரியாக 2003 ஜூலையில் கொண்டுவந்த சட்டத்தை ஒருவரும் தொடவில்லை. அங்கே அதற்கு அவர் பேரையே சொல்கிறார்கள்.

2001 செப்டம்பரில் துலூஸ் நகரத்தில் உரத் தொழிற்சாலை வெடித்தது. அமோனியம் நைட்ரேட். 31 பேர் செத்தார்கள். சுற்றிக் குடியிருப்பு. அதன் பிறகுதான் ஆபத்தான தொழிற்சாலையைச் சுற்றி எங்கே வீடு கட்டலாம், எங்கே கூடாது, இருக்கிற வீட்டை என்ன செய்வது என்று திட்டம் போட வைக்கிற சட்டம். அதே சட்டத்தில் இன்னொன்றையும் வைத்தார்: வெள்ளம், நிலச்சரிவு மாதிரி ஆபத்து உள்ள பகுதியில் வீடோ மனையோ விற்பவரும் வாடகைக்கு விடுபவரும் அதை எழுத்தில் சொல்ல வேண்டும். 2006 ஜூன் முதல் நடைமுறை. சொல்லாமல் விற்றால் வாங்கியவர் ஒப்பந்தத்தையே ரத்து செய்யக் கேட்கலாம்.

இதை என் மருமகன் சொல்லக் கேட்ட அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை. நான் வாங்கிய மனை 2400 சதுர அடி. முப்பது வருட வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்தேன். பட்டா பார்த்தேன். தாய்ப்பத்திரம் பார்த்தேன். வக்கீல் ஒப்பீனியன் வாங்கினேன். கடன், அடமானம், பங்காளி வழக்கு எதுவும் இல்லை, சுத்தம். வில்லங்கச் சான்றில் தண்ணீர் வராது. லே-அவுட் படத்தில் பச்சை அடித்துப் பூங்கா என்று போட்டிருந்த இடம் பழைய வடிகால். அடுத்த ஐப்பசியில் முழங்கால் அளவு நின்றது. எல்லைக் கல் தெரியவில்லை. பக்கத்து வயல்காரர் வரப்பில் நின்று, "இது எப்பவும் நிக்கிற எடந்தாங்க, எங்கிட்ட ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே" என்றார். விற்றவரைக் கேட்டால், மழைக்கு நான் பொறுப்பா என்கிறார்.

பாஷ்லோ டி.வி.யில் எதைப் பேசினாலும் பேசட்டும். அந்த ஒரு காகிதத்துக்காக நான் அவருக்கு ஓட்டுப் போடுவேன். ஓட்டு இல்லை, அது வேறு விஷயம்.


ஆய்வக நுட்புநர் (திருவாரூர்):

ரொம்பவும் தூக்கி வைக்கிறீர்கள். இவர் கொண்டுவந்த 2009 சுகாதாரச் சட்டத்தைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. அரசு மருத்துவமனையில் முடிவெடுக்கும் அதிகாரத்தை நிர்வாக இயக்குநர் கையில் குவித்தது அந்தச் சட்டம்தான். மருத்துவமனை கம்பெனி இல்லை என்று அந்த வருட ஏப்ரல், மே மாதங்களில் பாரிஸ் பெரிய டாக்டர்களே தெருவில் இறங்கினார்கள். மாஸ்க் இல்லாமல் போனதற்கு இவர் பொறுப்பில்லை, சரி. ஆனால் 2020இல் மருத்துவமனைகளில் ஆட்களும் கட்டில்களும் பற்றாமல் போனதற்குப் போட்ட அஸ்திவாரத்தில் இவர் செங்கலும் இருக்கிறது. டி.வி.யில் உட்கார்ந்து சிரிக்கும்போது இதை யாரும் அவரிடம் கேட்பதில்லை. எனக்கு உறுத்துவது அதுதான். மந்திரி வேலைக்குப் பதில் சொல்ல வேண்டிய நாற்காலியும் விமர்சகர் நாற்காலியும் ஒன்றாகிவிட்டால் கேள்வி கேட்பது யார்?


பழைய ரெப் (கும்பகோணம்):

நியாயம். அந்தச் சட்டத்தில் நல்லதும் உண்டு, 18 வயதுக்குக் கீழே மது விற்கத் தடை அதில்தான் வந்தது. ஆனால் மருத்துவமனை விஷயத்தில் நீங்கள் உள்ளே இருந்து பார்க்கிறவர், உங்கள் பேச்சை நான் மறுக்கமாட்டேன். நான் வார்டுக்குள் போனதில்லை. எப்போதும் வராண்டாவில் பையோடு நின்றவன்.


திருவையாறு மிருதங்கம்:

ஒரு சின்னக் குறிப்பு. இந்த அம்மாவுக்கு ஆப்பெரா, அதாவது மேல்நாட்டு இசை நாடகப் பைத்தியம். இத்தாலிய இசையமைப்பாளர் வெர்டி என்றால் உயிர். ரேடியோவில் ஆப்பெரா பற்றிப் பேசியிருக்கிறார். கலாச்சார மந்திரி ஆனதும் தியேட்டர், ஆப்பெரா எல்லாவற்றையும் 2020 அக்டோபர் கடைசியிலிருந்து மறு வருடம் மே 19 வரை மூடி வைக்க வேண்டியதாயிற்று. 2021 மார்ச்சில் கலைஞர்கள் தியேட்டர்களுக்குள் புகுந்து உட்கார்ந்துகொண்டார்கள். அதே மாதம் இவருக்கும் கொரோனா வந்து ஆஸ்பத்திரியில் படுத்தார். அந்தத் தை மாதம் ஆராதனையில் கூட்டமில்லாத பந்தலைப் பார்த்தவன் நான். பூட்டுகிற சாவி ரசிகரின் கையிலேயே இருந்தால் எப்படி இருக்கும் என்று அப்போது நினைத்துக்கொண்டேன்.


அரசலாற்றங்கரை (காரைக்கால்):

எல்லாருக்கும் நன்றி. ரெப் ஐயா எழுதியதை நேற்றுப் பெரியம்மாவுக்கு முழுக்கப் படித்துக் காட்டினேன். ஊசிக் கணக்கு வரும்போது, "நான் சொன்னேனா இல்லியா" என்று அண்ணனைப் பார்த்தார். குடும்ப டாக்டரைச் சேர்க்காத இடத்தில் தலையை ஆட்டினார். மாஸ்க் வந்ததும் பேச்சு நின்றுவிட்டது.

எழுந்து உள்ளே போனார். பெரியப்பாவின் பழைய தகரப் பெட்டியை இழுக்கிற சத்தம் கேட்டது. போய்ப் பார்த்தேன். பட்டாளத்துச் சட்டைக்கு அடியில் ஒரு ஜவுளிக்கடைப் பை. உள்ளே துணி மாஸ்க், நாற்பதுக்குக் குறையாது. பெரியப்பாவின் வெள்ளை வேட்டியை வெட்டித் தைத்தது, சிலதில் கரை அப்படியே ஓரத்தில் நீலமாக ஓடுகிறது. 2020 மார்ச்சில் பிரான்சில் கடையில் மாஸ்க் கிடைக்கவில்லை என்று அங்கே இருக்கிற பெரிய மகன் போனில் சொன்னானாம். மூன்று நாள் உட்கார்ந்து மிஷினில் தைத்திருக்கிறார். கட்டி முடிப்பதற்குள் விமானம் நின்றது, தபாலும் நின்றது. அனுப்பவே இல்லை. இத்தனை வருடம் எங்களிடம் ஒரு வார்த்தை சொன்னதும் இல்லை.

பையை மடித்துத் திரும்ப உள்ளே வைத்தார். "அவ ஊசி வாங்கினது தப்புதான்" என்றார். கொஞ்ச நேரம் கழித்து, "மாஸ்க்கை ஏன்டா தீர விட்டானுவோ?" என்று என்னைக் கேட்டார், ஏதோ நான்தான் அடுத்து வந்த மந்திரி மாதிரி.

வஞ்சிரத்தை அண்ணன்தான் வாங்கி வந்தார். ஒரு கிலோ இல்லை, முக்கால். பாக்கிக் கால் கிலோ குத்தாலம் காபிக்காரர் கணக்கில் நிற்கிறது, வந்து வாங்கிக்கொள்ளவும்.